செந்நெல்குடி லட்சுமி: ஒரு எக்ஸெல் குறிப்பு

போன ஞாயிற்றுக்கிழமை அட்டுவம்பட்டியில் விடாத மழை. டி.வி.யில் 'மைக்கேல் மதன காம ராஜன்' ஓடிக்கொண்டிருந்தது. ஊர்வசியின் பாட்டியாக வந்து, கைக்குக் கிடைத்ததையெல்லாம் சுருட்டுவாரே, அவரைக் காட்டி அம்மா கேட்டார்: "இந்தப் பாட்டி பேரு என்னடா? நான் சின்னப் பொண்ணா இருக்கும்போதே இவங்க அம்மா வேஷம்தான் போட்டாங்க." படம் எனக்கு மனப்பாடம், பெயர் மட்டும் சட்டென்று வரவில்லை. மழை நின்ற பிறகும் லேப்டாப்பை மூட மனசில்லை.

பெயர் எஸ்.என்.லட்சுமி. 'எஸ்' என்பது செந்நெல்குடி, விருதுநகர் பக்கத்துக் கிராமம். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனின் நாடகக் குழு, பிறகு எஸ்.வி.சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் என்று மேடையில் பழகியவர். சினிமாவில் முதலில் தலைகாட்டியது ஜெமினியின் 'சந்திரலேகா'வில் (1948), அந்தப் பிரம்மாண்டமான முரசு நடனத்தில் ஆடிய பெண்களில் ஒருவராக. அந்தக் கூட்டத்தில் அவரைத் தேடிப் பார்த்தேன். ஊஹூம், முடியவில்லை.

சாஃப்ட்வேர் ஆள் இல்லையா, பழக்க தோஷத்தில் ஒரு எக்ஸெல் ஷீட் போட்டேன். ஒரு பக்கம் படம், ஆண்டு. எதிரே அவருடைய வயசு. 2012 பிப்ரவரியில் காலமானபோது வயது 85 என்று செய்தி வந்தது, அதிலிருந்து பின்னோக்கிக் கணக்கு. 'சர்வர் சுந்தரம்' (1964) வரிசையில்தான் நின்றுவிட்டேன். அதில் அவர் நாகேஷுக்கு அம்மா. மகன் சினிமாவில் பெரிய ஆளாகி, அம்மாவின் கடைசி நேரத்தில் பக்கத்தில் இருக்க முடியாமல் போகிற படம். நாகேஷ் பிறந்தது 1933. அப்படியென்றால் மகனுக்கு 31, அம்மாவுக்குச் சுமார் 37! அதே 1964-இல் 'படகோட்டி'யில் டூயட் பாடிய எம்.ஜி.ஆருக்கு 47. யாரையும் குறை சொல்லவில்லை, கணக்கு அப்படி வருகிறது.

அதற்கப்புறம் ஷீட்டில் அம்மா, அம்மா, பாட்டி, பாட்டிதான். ஆனாலும் எல்லாப் பாட்டியும் ஒரே பாட்டி இல்லை. 1990-இல் கிரேஸி மோகன் வசனத்துக்கு டைமிங் தப்பாமல் சிரிக்க வைத்தவர், 'மகாநதி'யில் (1994) கமல் ஜெயிலில் இருக்க, பேரப்பிள்ளைகளை வைத்துக்கொண்டு பட்டணத்தில் அல்லாடும் மாமியாராக வருகிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். அதே முகம், அதே உடம்பு, ஆனால் முன்னதில் துறுதுறுவென்று அலைந்த கண் பின்னதில் எங்கேயும் நிற்கத் தெரியாமல் தவிக்கும். என்னைக் கேட்டால் அவருடைய சிறந்த வேடம் 'மகாநதி'தான். 'விருமாண்டி'யிலும் (2004) கமலுக்குப் பாட்டி. அப்போது வயது 77 இருக்கும்.

சின்னத்திரையையும் விடவில்லை. விஜய் டி.வி.யில் 2011-இல் தொடங்கிய 'சரவணன் மீனாட்சி'யில் நடித்தார். எண்பதைத் தாண்டியும் செட்டுக்குப் போய்க்கொண்டிருந்தார் என்று அர்த்தம்.

ஷீட்டை அம்மாவிடம் படித்துக் காட்டினேன். 1964 வரிசை வந்ததும் நிறுத்தச் சொன்னார்.

"முப்பத்தேழா? உன்னைவிடச் சின்னவளாடா அப்ப?"