உரித்த பட்டைக்கு ஒரு பாலம்

பக்கத்து வீட்டு மாமரம், இன்னும் காய்க்காத இளமரம். கையில் கத்தி கிடைத்ததும் அதன் பட்டையைச் சுற்றிலும் வளையமாக உரித்துவிட்டீர்கள் என்று வைத்துக்கொள்வோம். மறுநாள் போய்ப் பார்த்தால் இலைகள் பச்சையாகவே இருக்கும். ‘ஒன்றும் ஆகவில்லை’ என்று நினைத்துவிடாதீர்கள்.

வேர் உறிஞ்சும் நீர், உள்ளே இருக்கும் கட்டையின் சைலம் குழாய்களில் மேலே ஏறுகிறது. கட்டைக்கு ஒன்றும் ஆகாததால் இலை வாடவில்லை. ஆனால் இலைகள் தயாரிக்கும் சர்க்கரை, பட்டையின் உட்புறத்தில் உள்ள புளோயம் வழியாகத்தான் கீழே இறங்கும். அந்த வழியைத்தான் உரித்துப் போட்டுவிட்டீர்கள். இத்தாலிய அறிஞர் மார்செல்லோ மால்பிகி 17ஆம் நூற்றாண்டிலேயே இப்படிப் பட்டையை உரித்துப் பார்த்தார். வளையத்துக்கு மேற்புறம் தண்டு புடைத்துக்கொண்டது. இறங்க வழியில்லாத உணவு அங்கே தேங்குகிறது. கீழே வேர், சேமித்த மாவுச்சத்தை வைத்துக் கொஞ்ச காலம் சமாளிக்கும். அதுவும் தீர்ந்தால் பட்டினிதான். மரம் வாடுவது கண்ணுக்குத் தெரியும்போது காலம் கடந்திருக்கும்.

அதனால் இன்றே போய்ச் சொல்லிவிடுங்கள்: “தாத்தா, உங்க மாமரத்துப் பட்டையை நான்தான் உரிச்சேன்.” திட்டு விழலாம், விழட்டும். நீங்கள் தயங்கும் ஒவ்வொரு நாளும் வேரின் கையிருப்பு குறைகிறது.

மரத்தைக் காப்பாற்றப் பால ஒட்டு என்று ஒரு வழி உண்டு. அதே மரத்தில் பென்சில் பருமனுள்ள குச்சிகளை வெட்டி, இரு முனைகளையும் சாய்வாகச் சீவ வேண்டும். காயத்துக்கு மேலும் கீழும் பட்டையை லேசாக நெம்பி, முனைகளைச் செருகி, இறுக்கிக் கட்டி மெழுகு பூச வேண்டும். பட்டைக்கும் கட்டைக்கும் நடுவே கேம்பியம் என்ற மெல்லிய வளரும் அடுக்கு இருக்கிறது. குச்சியின் கேம்பியமும் மரத்தின் கேம்பியமும் தொட்டுக்கொண்டால்தான் ஒட்டும். குச்சியைத் தலைகீழாகச் செருகிவிடக் கூடாது. காற்றில் மரம் ஆடும்போது பிடுங்கிக்கொள்ளாதபடி, குச்சி வில்போல் சற்று வளைந்திருக்கட்டும். எல்லாக் குச்சியும் பிடிக்காது, ஆகவே சுற்றிலும் நாலைந்து வையுங்கள். கத்தி பெரியவர் கையில் இருக்கட்டும். மாம்பால் பட்டால் தோல் பொத்துவிடும்.

தென்னைக்கு இந்த வைத்தியம் கிடையாது. அதற்குக் கேம்பியமே இல்லை. ஏறுவதற்காக அதில் வெட்டிய படிகள் ஆயுசுக்கும் அப்படியே நிற்கும்.

பாலக் குச்சியில் தளிர் வந்தால் கிள்ளிவிடுங்கள். மரம் பருக்கும்போது கட்டு அதை அறுக்கும், அடிக்கடி பார்த்துத் தளர்த்துங்கள். வெயில் காலம் முழுக்கத் தண்ணீர் ஊற்றுவதும் தாத்தாவின் வேலையல்ல, உங்கள் வேலை.