ஒரே கால்வாயில் அறுபது ஓடங்கள்

சிலாபத்திலிருந்து புத்தளம் செல்லும் நெடுஞ்சாலையில் முந்தலை அண்மியதும், மேற்கே களப்பு நீர் வெயிலிற் பளபளப்பதைப் பிரயாணிகள் காண்பர். அக்களப்பை வடக்கே புத்தளம் களப்புடனும் தெற்கே சிலாபத்துடனும் தொடுப்பது ஒல்லாந்தர் பெயரால் வழங்கும் பழைய கால்வாய். புகைவண்டியும் லொறியும் வருமுன்னர் இக்கரையின் பண்டங்கள் ஓடமேறி அவ்வழியே சென்றன. கால்வாயோ ஒடுக்கமானது. எத்தனை ஓடங்கள் காத்து நின்றாலும், அவை ஒன்றன்பின் ஒன்றாகவே செல்லவேண்டும். எல்லாம் ஒருங்கே நுழைய முற்பட்டால் ஒன்றும் நகராது.

இப்பழங்கதையை இங்கே எடுத்ததற்குக் காரணம் உண்டு. சென்ற விடுமுறையில் முந்தலில் நமது உறவினர் வீடொன்றிற் சில நாள்கள் தங்கியிருந்தோம். அங்கே நேர்ந்த ஒரு சிறு சங்கடமே இக்கட்டுரைக்கு வித்து.

வீட்டுத் தலைவர் இறாற் பண்ணையொன்றிற் கணக்கெழுதுபவர். மூத்த மகன் பல்கலைக்கழக மாணவன். மகள் உயர்தரப் பரீட்சைக்கு ஆயத்தம் செய்பவள். மகன் பகுதிநேர வேலை செய்து சேர்த்த பணத்தில் வாங்கிய கணினி அன்றுதான் வீட்டுக்கு வந்திருந்தது. மலிவு விற்பனைகளிலும் இலவசமாகவும் ஐந்தாண்டுகளாக அவன் சேர்த்து வைத்திருந்த கணினி விளையாட்டுகள் 60. அவையெல்லாம் அதுவரை பெயரளவிலேயே அவனுடையவை. விளையாடுவதற்குத் தகுந்த யந்திரம் அவனிடம் இருக்கவில்லை. ஆவல் மேலிட, அறுபதையும் ஒருசேரத் தெரிந்து, நிறுவும்படி கட்டளை கொடுத்துவிட்டு நித்திரைக்குப் போனான்.

விடிந்ததும் தங்கையின் குரல் கேட்டது. "அண்ணா, எட்டு மணிக்கு எனக்கு இரசாயன வகுப்பு. ஸூமுக்குள் போகவே முடியவில்லை. இரவு என்ன செய்தீர்கள்?"

மாதம் முடிய இன்னும் 12 நாள்கள் இருந்தன. குடும்பம் முழுமைக்கும் அளந்து விடப்பட்டிருந்த டேட்டா ஒரே இரவில் தீர்ந்துபோயிற்று. அறுபதில் முழுதாய் வந்து சேர்ந்தவை ஐந்தே. "பானைச் சோற்றையெல்லாம் ஒருவனே போட்டுக்கொண்டால் மற்றவர்கள் என்ன செய்வது?" என்று தாயார் கேட்டார். மகன் தலைகுனிந்து நின்றான். அவன் தீய பிள்ளையல்லன். ஒரு பொத்தானை அழுத்துமுன் போடவேண்டிய கணக்கை அவனுக்கு ஒருவரும் சொல்லிக்கொடுத்ததில்லை. அக்கணக்கையே நம் வாசகர்களுக்கும் சொல்ல விரும்புகின்றோம்.

களஞ்சியம் எங்கே உளது?

முன்னர் கணினி விளையாட்டுகள் தட்டுகளாகக் கடைகளில் விற்கப்பட்டன. 1993 இல் வெளியாகி உலகெங்கும் பரவிய 'டூம்' என்னும் விளையாட்டு, சில மெகாபைட்டுகளுக்குள் அடங்கியது. நெகிழ்தட்டுகள் சிலவற்றில் அதனைப் பிரதி செய்து நண்பர்கள் கைமாற்றிக்கொண்டனர். 2003 செப்டெம்பரில் அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 'ஸ்டீம்' என்ற இணையக் களஞ்சியத்தைத் திறந்தது. அடுத்த ஆண்டு வெளிவந்த 'ஹாஃப் லைஃப் 2' என்னும் விளையாட்டைத் தட்டாகக் கடையில் வாங்கியவரும் ஸ்டீமில் ஒரு கணக்கைத் திறந்தே விளையாட வேண்டியிருந்தது. 2008 இல் ஜி.ஓ.ஜி. என்ற களஞ்சியம் பழைய விளையாட்டுகளைப் புதுக்கி விற்கத் தொடங்கியது. 2018 டிசம்பரிற் பிறந்த எபிக் களஞ்சியமோ, விளையாட்டுகளை இலவசமாய் வழங்கியே பெயர் பெற்றது.

இவ்வண்ணம் சேர்வதை 'நூலகம்' என்று அழைக்கின்றனர். ஆனால், நம் வீட்டு அலுமாரியில் உள்ள நூல்களைப் போன்றதன்று அது. நூலகத்தில் ஒரு பெயர் தோன்றுவதனால், அதன் உடல் நம்மிடம் வந்துவிட்டதென்று கொள்ளலாகாது. உடல் தொலைதூரத்துக் கணினிகளிற் கிடக்கின்றது. 'நிறுவு' என்று சொல்லும்போதே அது கம்பி வழியே புறப்படுகிறது.

பெயர்கள் பலவற்றை ஒரே தடவையில் அழைப்பதும் இலகுவாயிற்று. ஸ்டீம் நூலகத்தில் ஷிஃப்ட் அல்லது கன்ட்ரோல் விசையை அழுத்திக்கொண்டு வேண்டிய பெயர்களைத் தெரிந்து, வலப்பொத்தானைச் சொடுக்கினால், தெரிந்தவற்றையெல்லாம் நிறுவும் கட்டளை கண்முன் தோன்றும். கட்டளை ஒன்றுதான், ஆனால் வேலை ஒன்றன்று. ஸ்டீம் ஒரு நேரத்தில் ஒரு விளையாட்டையே இறக்கும்; ஏனையவை வரிசையிற் காத்திருக்கும். ஒல்லாந்தர் கால்வாயின் விதி இங்கும் மாறவில்லை.

மூன்று கணக்குகள்

முதலாவது, இடக் கணக்கு. 2016 இல் வந்த 'ஸ்டார்டியூ வேலி' என்னும் கமத்தொழில் விளையாட்டுக்கு 500 மெகாபைட் இடம் போதும். 2019 இல் கணினிக்கு வந்த 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2', 2023 இல் வந்த 'பால்டர்ஸ் கேட் 3' ஆகியவற்றுக்கு ஒவ்வொன்றுக்கும் 150 ஜிகாபைட் வேண்டுமென்று அவற்றை வெளியிட்டோரே அறிவித்துள்ளனர். ஆக, ஒன்றின் இடத்தில் மற்றது 300 தடவை அடங்கும். பட்டியலில் இரண்டும் ஒவ்வொரு வரிதான். வரிகளை எண்ணுவதால் பயனில்லை; பாரத்தையே எண்ணவேண்டும்.

இன்னொரு நுட்பமும் உண்டு. 500 ஜிகாபைட் என்று விற்கப்படும் வன்தட்டை விண்டோஸ் 465 என்றே காட்டும். கடைக்காரர் ஏமாற்றிவிட்டாரென்று சிலர் சினப்பதுண்டு. உண்மை யாதெனில், செய்பவர் ஆயிரம் ஆயிரமாய்ப் பெருக்குகிறார். விண்டோஸோ 1024 ஆகப் பெருக்கி எண்ணுகிறது. அந்த 465 லும் விண்டோஸ் தனக்கென ஒரு பங்கை எடுத்துக்கொள்ளும். விளையாட்டை விரித்து வைப்பதற்கும் பின்னர் புதுப்பிப்பதற்கும் வெற்றிடம் வேண்டும். ஆதலால், வன்தட்டை விளிம்புவரை நிரப்புவது அறிவுடைமையன்று.

இரண்டாவது, காலக் கணக்கு. இணைய வேகத்தை மெகாபிட்டில் விளம்பரம் செய்கின்றனர். விளையாட்டின் பருமனை மெகாபைட்டிற் சொல்கின்றனர். எட்டுப் பிட்டுகள் கொண்டது ஒரு பைட். செக்கனுக்கு 20 மெகாபிட் வேகமெனின், செக்கனுக்கு வருவது இரண்டரை மெகாபைட்டே. அவ்வேகத்தில் 150 ஜிகாபைட் வந்து சேர 16 மணி 40 நிமிடங்கள் செல்லும். 100 மெகாபிட் வேகமாயின் 3 மணி 20 நிமிடங்கள் போதும். இவை தடையில்லாத வழிக்கே பொருந்தும். இடையில் மின்சாரம் நின்றாலோ, இணைப்பு அறுந்தாலோ நேரம் நீளும். எனினும், நின்ற இடத்திலிருந்து தொடரும் வசதி ஸ்டீமில் உண்டு. 2022 மார்ச் இறுதியில் நம் நாட்டில் நாளொன்றுக்கு 13 மணி நேரம் வரை மின்சாரம் தடைப்பட்டதை அனுபவித்தோர் இவ்வசதியின் அருமையை அறிவர்.

மூன்றாவது, டேட்டாக் கணக்கு. நம் முந்தல் மாணவனை வீழ்த்தியது இதுவே. செக்கனுக்கு 20 மெகாபிட் வேகத்தில், இரவு பத்து மணி முதல் காலை ஆறு மணிவரை ஓயாது இறக்கினால், 72 ஜிகாபைட் வந்துவிடும். கம்பி களைப்பதில்லை, கேட்டதைக் கொடுத்துக்கொண்டே இருக்கும். அளவு குறித்த டேட்டாவில் வாழும் குடும்பத்துக்கு, அறுபதும் வருமா என்ற கேள்விக்கு முன்னே, இம்மாதத்தில் எஞ்சியிருப்பது எவ்வளவு, அதில் வகுப்புக்கும் வேலைக்கும் ஒதுக்கவேண்டியது எவ்வளவு என்ற கேள்வி எழவேண்டும். நள்ளிரவுக்குப் பின் தனி அளவு தரும் பக்கேஜ் வைத்திருப்போர், அந்த நேரத்தையே பயன்படுத்தலாம். இறக்கும் வேகத்துக்கு எல்லை குறிக்கவும் ஸ்டீமின் அமைப்பில் வழியுண்டு. அண்ணன் இறக்குகையில் தங்கையின் வகுப்பு தடுமாறாதிருக்க, அந்த எல்லை துணைபுரியும்.

அயல்வீட்டிலிருந்து வந்த கம்பி

நிற்க. முந்தல் வீட்டிற் கதை எவ்வாறு முடிந்தது? தந்தையார் அன்றே சிறிது டேட்டாவை மேலதிகமாக வாங்கி, மகளின் வகுப்புக்கென ஒதுக்கினார். மகனைக் கடிந்து ஒரு சொல்லும் சொல்லவில்லை. "அறுபதில் இந்த விடுமுறைக்குள் எத்தனையைத் தொடப்போகிறாய்?" என்று மட்டும் வினவினார். மகன் நெடுநேரம் யோசித்து, "நான்கு, அப்பா" என்றான். அவற்றுட் பெரியது 150 ஜிகாபைட் விளையாட்டு. அஃது அன்றிரவு வந்த ஐந்தில் ஒன்றன்று.

இரண்டு வீடு தள்ளி அவனுடைய மாமா வீடு. மாமாவின் மகனும் அதே விளையாட்டை வாங்கித் தன் கணினியில் நிறுவியிருந்தான். 2023 பெப்ரவரியில் ஸ்டீம் ஒரு புதிய வசதியை அறிமுகம் செய்தது. ஒரே வீட்டு வலையமைப்பில் இரு கணினிகள் இருப்பின், ஒன்றில் உள்ள விளையாட்டை மற்றது நேரே பெற்றுக்கொள்ளலாம். தன் கணக்குக்கு மட்டுமா, நண்பர்களுக்கும் ஆகுமா, யாவருக்குமா என்பதை உடையவரே அமைப்பிற் குறிக்கலாம். பெறுபவரும் அவ்விளையாட்டுக்கு உரியவராக இருத்தல் வேண்டும்.

மச்சான் தன் கணினியைத் தூக்கிக்கொண்டு வந்தான். இரண்டையும் கேபிள் மூலம் ரவுட்டரிற் பொருத்தினர். தேநீர் குடித்து, உடப்புக் கரைவலையில் அன்று விழுந்த மீனைப்பற்றிப் பெரியவர்கள் பேசி முடிப்பதற்குள் பெரும்பகுதி வந்துவிட்டது. செக்கனுக்கு 1000 மெகாபிட் கடத்தும் கேபிளில் 150 ஜிகாபைட் செல்வதற்கு ஏட்டுக் கணக்கின்படி 20 நிமிடங்கள்; வன்தட்டு எழுதும் வேகத்தைப் பொறுத்து நடைமுறையிற் கூடும். இணையத்துடன் பேசச் சிறிது டேட்டா மட்டுமே செலவாயிற்று. கரைவலையை ஊர்கூடி இழுப்பதுபோல, அயலார் கூடினால் பெரும் பாரமும் இலேசாகும்.

உரியது யார்க்கு?

இவ்விடத்திற் பெற்றோரும் மாணவரும் அறியவேண்டியது இன்னொன்றும் உண்டு. பணம் கொடுத்து வாங்கியதெல்லாம் நம்முடையதென்பது உலக வழக்கு. இக்களஞ்சியங்களில் நாம் பெரும்பாலும் பெறுவது, விளையாடுவதற்கான அனுமதியே. யூபிசாஃப்ட் நிறுவனம் 2014 இல் வெளியிட்ட 'த க்ரூ' என்னும் காரோட்ட விளையாட்டு, அந்நிறுவனத்தின் கணினிகளோடு இணைந்தே இயங்குவது. 2024 மார்ச் 31 இல் அக்கணினிகள் நிறுத்தப்பட்டன. அன்றோடு, வாங்கியவருக்கும் அவ்விளையாட்டு இல்லாமற் போயிற்று. 2025 ஜனவரி முதல் கலிபோர்னியாவில் நடைமுறைக்கு வந்த சட்டமொன்று, அனுமதி மட்டுமே வழங்குவோர் அதைத் தெளிவாய்ச் சொல்லாமல் 'வாங்கு' என்ற சொல்லைப் பயன்படுத்துவதைத் தடுக்கிறது.

ஜி.ஓ.ஜி. களஞ்சியத்தின் வழக்கம் வேறு. நிறுவும் கோப்பை முழுமையாய் இறக்கி, புறவன்தட்டிற் சேமித்துக்கொள்ளலாம். பின்னர் இணையமின்றியும் நிறுவலாம். இணைப்பு அரிதான ஊர்களில் வாழ்வோர்க்கு இது பெரும் உதவி. ஸ்டீமிலோ, 2024 இல் வந்த குடும்பத் திட்டத்தின்படி, ஒரே வீட்டில் வாழும் ஆறு பேர் வரை தம் நூலகங்களைப் பொதுவாக்கலாம். அண்ணன் ஒன்றை விளையாடும்போது, தங்கை அவன் நூலகத்திலிருந்து வேறொன்றை விளையாடுவதற்குத் தடையில்லை. பகிர்தலை ஏற்காத விளையாட்டுகளும் சில உள.

அறுபதையும் ஒரே இரவில் அழைக்க முற்பட்டவனை நகைக்க வேண்டாம். நெடுங்காலம் எட்டாதிருந்தது எட்டியதும் அனைத்தையும் அள்ளத் தோன்றுவது மனித இயல்பு. நமது வீடுகளில் வாங்கிப் படிக்காத நூல்கள் இல்லையா? ஆனால், படிக்காத நூல் அலுமாரியிற் சும்மா இருக்கும். தங்கையின் வகுப்பை நிறுத்தாது. ஒரு வீட்டுக்குள் வரும் கம்பி ஒன்றே. அதில் யாருடைய ஓடம் முன்னே செல்வது என்பதை யந்திரம் அறியாது. அதனை வீட்டார் கூடியிருந்து தீர்மானித்தல் வேண்டும்.

நாம் விடைபெற்ற காலையில், ரவுட்டருக்கு மேலே சுவரில் ஒரு தாள் ஒட்டப்பட்டிருந்தது. முதல் வரியில் மகளின் கையெழுத்தில் 'இரசாயனம், காலை 8 மணி' என்றிருந்தது. அதன்கீழே மகன் நான்கு விளையாட்டுகளின் பெயரையும் பருமனையும் இறக்கும் நாளையும் எழுதியிருந்தான். கடைசி வரியை இருவரும் சேர்ந்தே எழுதியிருக்கவேண்டும்: 'ஸ்டார்டியூ வேலி, தங்கைக்கு, பரீட்சை முடிந்த பின்.'