கோவில்பட்டி வீரர்களும் 2022 ஆசியக் கிண்ணமும்

தூத்துக்குடி மாவட்டம் என்றதும் துறைமுகமும் முத்துக்குளிப்பும் நினைவுக்கு வரும். மாவட்டத்தின் வடமேற்கே கரிசல் நிலத்தில் அமைந்த கோவில்பட்டியோ தீப்பெட்டித் தொழிலாலும் கடலைமிட்டாயாலும் அறியப்படுவது. இவ்வூர் வளைதடிப் பந்தாட்டத்துக்கும் பெயர்பெற்றது. ஊர்மக்கள் இதனை ஹாக்கி என்றே அழைப்பர்.

2022 மே 23 முதல் ஜூன் 1 வரை ஜகார்த்தாவில் நடந்த ஆசியக் கிண்ணப் போட்டிக்கு இந்தியா பெரும்பாலும் இளைஞர்களைக் கொண்ட அணியை அனுப்பியது. கோவில்பட்டியைச் சேர்ந்த மாரீஸ்வரன் சக்திவேல், அரியலூர்ப் பகுதியிலிருந்து வந்து கோவில்பட்டி விளையாட்டு விடுதியில் பயின்ற கார்த்தி செல்வம் ஆகிய இரு முன்கள வீரர்கள் அதில் இடம்பெற்றனர்.

பாக்கித்தானுக்கு எதிரான முதல் ஆட்டத்தில் கார்த்தி கோல் அடித்தார். எனினும் இறுதி நேரத்தில் பாக்கித்தான் சமன் செய்ய, ஆட்டம் 1-1 என முடிந்தது. அடுத்து சப்பானிடம் 2-5 எனத் தோற்றதால் நிலைமை இக்கட்டானது. புள்ளிகளும் வென்ற ஆட்டங்களின் எண்ணிக்கையும் சமமானால் கோல் வேறுபாடே முடிவு செய்யும் என்பது விதி. அதன்படி, பாக்கித்தானை முந்த இந்தோனேசியாவைக் குறைந்தது 15 கோல் வேறுபாட்டில் வெல்ல வேண்டியிருந்தது. இந்தியா 16-0 என வென்றது. டிப்சன் திர்க்கி மட்டும் ஐந்து கோல்கள் அடித்தார். பாக்கித்தான் வெளியேறியதுடன் 2023 உலகக் கிண்ண வாய்ப்பையும் இழந்தது.

காப்பாற்றிய அதே விதி அடுத்த சுற்றில் இந்தியாவுக்கு எதிராகத் திரும்பியது. தென்கொரியா, மலேசியா, இந்தியா ஆகிய மூன்றும் தலா 5 புள்ளிகள் பெற்றன. கோல் வேறுபாட்டில் பின்தங்கிய இந்தியா இறுதியாட்டத்தைத் தவறவிட்டது. பின்னர் சப்பானை 1-0 என வென்று வெண்கலம் பெற்றது.