உச்ச நேரப் பயணமும் தமிழ்க் கேட்டலும்

கேளிக்கை என்பது ஓய்வுப் பொழுதுக்கு உரியது என்பர். கிள்ளான் பள்ளத்தாக்கிலோ அது சாலையில் கழியும் பொழுதுக்கு உரியதாக மாறியுள்ளது. இம்மாற்றம் தமிழ்மொழிப் புழக்கத்தோடு கொண்டுள்ள தொடர்பை ஈண்டு விளக்க முனைகிறோம்.

தோட்டப்புற வாழ்வில் வேலைக்கான பயணம் என்று தனியே ஒன்று பெரிதாக இருந்ததில்லை. வைகறையில் பெரட்டு; பின்னர் நடந்து செல்லும் தொலைவில் பால்மரங்கள். மாலைப்பொழுது தொழிலாளர்க்கே உரியதாக இருந்தது. திடலில் திரைகட்டிக் காட்டிய படமாயினும், கோயில் திருவிழா நாடகமாயினும், அண்டைவீட்டு வானொலியாயினும் பலர் கூடியே துய்த்தனர். தோட்டங்கள் துண்டாடப்பட்டு மக்கள் நகருக்குப் பெயர்ந்தபோது இழந்தவற்றுள் இம்மாலைப்பொழுதும் ஒன்று. நகர்ப்புறக் கோயில் உபயங்கள் பல வார இறுதிக்கு ஒதுங்கியமைக்கு இதுவும் ஒரு காரணம் எனலாம்.

கிள்ளானிலிருந்து கூட்டரசு நெடுஞ்சாலை வழியே கோலாலம்பூருக்கு வேலைக்குச் செல்பவர் இருட்டில் புறப்பட்டு இருட்டில் திரும்புகிறார். அவருக்கு வாய்த்த கேளிக்கை மகிழுந்து வானொலியே. 1994இல் தோன்றிய டைம் ஹைவே ரேடியோவின் பெயரிலேயே நெடுஞ்சாலை இடம்பெற்றிருந்தது. இன்றைய ராகா அதன் வழிவந்தது. வானொலி ஆறு, 2005இல் மின்னல் பண்பலையாகப் பெயர் மாறியது. காலையும் மாலையும் இவ்வானொலிகளுக்கு முதன்மை நேரங்களாயின. அறிவிப்பாளரின் பேச்சு நடையும் நெரிசலில் நிற்பவரைச் சோர்வடையாமல் காக்கும் விரைவு நடையாயிற்று. அந்நடையில் ஆங்கிலக் கலப்பு மிகுதி என்னும் குறை நமக்கும் உண்டு. ஆயினும், தமிழ்ப்பள்ளிக்குச் செல்லும் வழியில் பின்னிருக்கைப் பிள்ளையும் முன்னிருக்கைப் பெற்றோரும் ஒரே தமிழைக் கேட்டனர். கேட்டதைப் பற்றிப் பேசவும் செய்தனர். வீட்டில் அதற்குப் பொழுதில்லை.

1995இல் கொமியூட்டர், 1996இல் இலகு ரயில், 2016இல் எம்.ஆர்.டி. எனத் தொடர்வண்டிகள் பெருகின. நெரிசலுக்கு இவை ஏற்ற தீர்வு என்பதில் ஐயமில்லை. ஆனால், தொடர்வண்டியில் எல்லாரும் கேட்கும் வானொலி இல்லை. காதொலிக் கருவியும் கைப்பேசியும் ஒவ்வொருவர்க்கும் தனித்தனி அரங்கு அமைத்துத் தந்துவிட்டன. தந்தை பழைய திரைப்பாடலில் ஆழ்ந்திருக்க, அருகில் நிற்கும் மகள் கொரியத் தொடரைக் காண்கிறாள். நெரிசலை நாம் போற்றவில்லை. அது நம்மையறியாமல் காத்து வந்த ஒன்றையே சுட்டுகிறோம்.

வகுப்பில் கேட்டல் பயிற்சிக்கென ஒலிப்பதிவுகளைத் தேடும் ஆசிரியர்கள் இம்மாற்றத்தை உணர்ந்திருப்பர். முன்பு, காலையில் வானொலியில் என்ன கேட்டீர்கள் என்று வினவினால் வகுப்பே ஒன்றாக விடை கூறும். இன்று ஆளுக்கொரு விடை வருகிறது. அவற்றுள் பல தமிழில் இல்லை.