இரவில் விசில் அடிப்பது யார்?

மெலிந்த பிள்ளையைக் கண்டால் "தேவாங்கு மாதிரி இருக்கிறாய்" என்று சொல்லிவிடுவது எங்கள் ஊர்களில் சாதாரண விடயம். முகாம்களில் இந்த ஏச்சை நான் எத்தனையோ தரம் கேட்டிருக்கிறேன். நிவாரண அரிசியிலும் பருப்பிலும் வளர்ந்த பிள்ளை வேறு எப்படி இருக்கும்? ஆனால் ஏச்சு முகாமில் பிறந்ததல்ல. 1845 முதல் 1850 வரை இலங்கையில் குடியேற்ற நாட்டுச் செயலாளராக இருந்த எமர்சன் டெனன்ட், 1861 இல் வெளியிட்ட இலங்கை விலங்குகள் பற்றிய நூலில் இதைக் குறித்து வைத்திருக்கிறார். மெல்லிய உடம்புள்ள இந்த விலங்கின் பெயரைத் தமிழ்ப் பகுதிகளில் நலிந்த ஆட்களுக்கும் குறைபாட்டோடு பிறந்த பிள்ளைகளுக்கும் வைத்து அழைக்கிறார்கள் என்கிறார். அன்றைக்கும் அதே கதைதான். பெயரைச் சொல்லி ஏசுகிற எங்களில் எத்தனை பேர் அந்த விலங்கைக் கண்டிருக்கிறோம்?

இதை எழுதத் தூண்டியது மூதூர் கிழக்கில் நடந்த ஒரு சேமிப்புக் குழுக் கூட்டம். 2006 இல் அந்தப் பக்கத்துச் சனம் இடம்பெயர்ந்தது உங்களுக்குத் தெரியும். சம்பூர்க் காணிகளுக்குத் திரும்பிப் போக 2015, 2016 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. திரும்பி வந்தபோது வளவு எது, பாதை எது என்று தெரியாதபடி பற்றைக்காடு மூடிக் கிடந்தது. வந்தவர்களில் பலர் துணையில்லாத பெண்கள். அப்படி ஒரு அக்கா, கூட்டம் முடிந்து எல்லோரும் எழும்பும் நேரத்தில் மெதுவாகச் சொன்னார்: "தங்கச்சி, ராவில ஆரோ விசில் அடிக்கிறாங்கள். ரெண்டு பொம்பிளப் பிள்ளையளோட நான் தனிய இருக்கிறன். கண்மூட ஏலாமக் கிடக்கு."

சொன்னதும் இன்னும் மூன்று பேர் தங்களுக்கும் கேட்கிறதென்றார்கள். ஒவ்வொருத்தியும் தன் வீட்டுக்கு மட்டும்தான் யாரோ வருகிறான் என்று நினைத்து, வெளியில் சொல்ல வெட்கப்பட்டு, வாய்மூடி இருந்திருக்கிறார்கள். மூலையில் வெற்றிலை போட்டுக்கொண்டிருந்த ஒரு பெரியம்மாதான் சிரித்தார். "அது தேவாங்கு பிள்ளையள். நாங்க போக முதலும் இஞ்ச இருந்ததுகள்தானே."

அன்றிரவு ஐந்து பேராகப் போய்ப் பார்த்தோம். டோர்ச் லைட்டின் முகப்பில் சிவப்புக் கண்ணாடித்தாள் சுற்றிக்கொண்டோம். ஆராய்ச்சியாளர்களும் சிவப்பு வெளிச்சத்தில்தான் இவற்றைப் பார்ப்பார்கள், வெள்ளை வெளிச்சம் அந்தக் கண்ணுக்குத் தாங்காது. வேலியோரச் சூரைப் பற்றைக்கு மேலே இரண்டு நெருப்புத் தணல் போலக் கண்கள். ஓடவில்லை. அசையாமல் எங்களைப் பார்த்துக்கொண்டே இருந்தது. இருட்டில் பார்க்கிற விலங்குகளின் கண்ணுக்குள் ஒளியைத் திருப்பி அனுப்பும் ஒரு படலம் உண்டு, அந்தத் தணல் அதுதான். கொஞ்ச நேரத்தில் இன்னொரு மரத்திலிருந்து விசில் கேட்டது. ஒன்று கூப்பிட மற்றது பதில் சொல்லும். "நான் இங்கே இருக்கிறேன்" என்று தன் இனத்துக்கு அறிவிக்கிற சத்தம் அது. பொழுதுபட்டு இவை சிதறிப் போகும்போதும், விடியமுன் ஒன்றுசேரும்போதும் கேட்கும்.

ஒன்று சொல்ல வேண்டும். எல்லா விசிலும் தேவாங்கினது அல்ல. சத்தம் மர உயரத்திலிருந்து வந்து, வேறு மரத்திலிருந்து பதிலும் வந்தால் பயப்பட ஒன்றுமில்லை. நில மட்டத்தில், படலையடியில், பாதையில் கேட்டால் அக்கம்பக்கத்தைக் கூப்பிடுங்கள். அந்த அக்காவின் பயம் மூடத்தனமல்ல. தனியாக இருக்கிற பெண் பயப்பட இந்த மண்ணில் காரணம் இருந்தது.

இனி ஆளைப் பற்றிச் சொல்கிறேன். எங்கள் உலர்வலயத்தில் இருப்பது சாம்பல் தேவாங்கு. கொழும்பு மருத்துவக் கல்லூரியில் பேராசிரியராக இருந்த ஒஸ்மன் ஹில் என்பவர் 1933 இல் வடபகுதித் தேவாங்கைத் தனி வகையாகப் பிரித்துப் பெயரிட்டார். ஈரவலயத்துக் காடுகளில் இருப்பது இதைவிடச் சிறிய சிவப்புத் தேவாங்கு. அது உலகில் வேறெங்கும் இல்லை, அழிவு அபாயப் பட்டியலில் இருக்கிறது. மலைநாட்டின் ஹோட்டன் சமவெளியில் ஒரு வகை அழிந்தே போயிற்று என்று பலர் நினைத்திருக்க, 2010 இல் அதன் புகைப்படம் உலகத்துக்குக் காட்டப்பட்டது.

எங்கள் தேவாங்கு கால் கிலோ நிறை வரும். வால் இல்லை. கைகால்கள் பென்சில் தடிப்பு. குரங்குக்குத் தூரத்து உறவு, ஆனால் குரங்கு போலத் தாவத் தெரியாது. ஒரு கிளையை விட்டு மறு கிளையைப் பிடிக்க, கை எட்ட வேண்டும். எறும்பு, கறையான், வெட்டுக்கிளி, வண்டு, சிறு பல்லி ஆகியவைதான் சாப்பாடு. பயிரைத் தொடாது. தோட்டம் செய்கிற எங்களுக்குச் சம்பளம் கேட்காத காவல்காரன் என்றே சொல்லலாம்.

பெண் தேவாங்கின் பாடு எனக்கு மிகவும் பிடித்த பகுதி. ஐந்தரை மாதம் வயிற்றில் சுமந்து ஒன்றோ இரண்டோ குட்டி ஈனும். அவுஸ்திரேலியாவில் கங்காரு போன்ற விலங்குகளுக்குக் குட்டியைப் போட்டுவைக்க வயிற்றில் ஒரு பை உண்டு. தேவாங்குத் தாய்க்கு அந்த வசதி கிடையாது. முதல் சில கிழமைகள் குட்டி தாயின் வயிற்றைக் கட்டிப் பிடித்தபடி கூடவே போகும். பிறகு பாரம் தாங்காது. இரட்டைக் குட்டி என்றால் யோசித்துப் பாருங்கள். அப்போது தாய், பொழுதுபட்டதும் குட்டியை ஒரு கிளையில் விட்டுவிட்டு இரை தேடப் போகும். குட்டி அந்த இடத்திலேயே பிடித்துக்கொண்டு இருக்கும். விடியமுன் தாய் வந்து எடுக்கும். பிள்ளையைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு வயல் வேலைக்குப் போகும் எங்கள் பெண்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. தமிழ்நாட்டில் திண்டுக்கல் பகுதியில் ஆய்வு செய்தவர்கள் இன்னொன்றையும் கண்டார்கள். தாய் இல்லாத நேரத்தில் ஆண் தேவாங்குகள் வந்து குட்டியோடு விளையாடிவிட்டுப் போகின்றனவாம். கூட்டத்தில் இதைச் சொன்னபோது எழும்பிய சிரிப்பை நான் இங்கே விவரிக்கப் போவதில்லை.

இப்படிப்பட்ட சீவனுக்கு ஏன் அழிவு வருகிறது? அதன் கண்ணிலிருந்து வசிய மருந்து செய்யலாம் என்ற நம்பிக்கை ஒரு காரணம். கண்ணுக்காக உயிரோடு நெருப்பில் பிடிப்பார்கள் என்று டெனன்ட் கேள்விப்பட்டு எழுதியிருக்கிறார். கணவன் திரும்ப வரவேண்டும், காணாமல் போனவர் கிடைக்கவேண்டும் என்று தவிக்கிற பெண்ணிடம் காசு பறிக்க மந்திரம், மருந்து என்று வருகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். அவர்களிடம் ஏமாறாதீர்கள். ஒரு சிறு விலங்கின் கண் யாரையும் கூட்டிவராது.

அதைவிடப் பெரிய காரணம் காடு துண்டு துண்டாவது. தாவத் தெரியாத விலங்குக்கு இருபதடி வெளியும் ஒரு ஆறுதான். நிலத்தில் இறங்கினால் நாய், றோட்டில் இறங்கினால் வாகனம், மின்கம்பியில் நடந்தால் சாவு. திருகோணமலைத் துறைமுகத்தைச் சுற்றிய குன்றுகளில் இன்னும் மரம் நிற்கிறது. 1963 இல் சரணாலயமாக்கப்பட்ட நிலமும், கடற்படை வைத்திருக்கும் இடங்களும், சீனக்குடாவில் பிரித்தானியர் கட்டிய எண்ணெய்த் தாங்கிகளுக்கிடையே வளர்ந்த காடும் அப்படித் தப்பியவை. ஆனால் ஊர்ப்பக்கம் அப்படியல்ல. நாங்கள் திரும்பி வந்தால் வளவு துப்புரவாக்கத்தான் வேண்டும். பாம்புக்கும் யானைக்கும் பயந்து வாழ முடியாது. காணியை வெட்டாதே என்று இடம்பெயர்ந்து வந்தவளுக்குச் சொல்ல எனக்கு வாய் வராது.

செய்யக்கூடியது வேலியில் இருக்கிறது. கம்பி அடித்தாலும் கிளுவை, பூவரசு, முள்முருங்கைக் கதியால்களையும் நெருக்கமாக நடுங்கள். ஆட்டுக்குக் குழையும் கிடைக்கும், வளவுக்கு வளவு கிளை தொட்டுத் தேவாங்குக்குப் பாலமும் ஆகும். பகலில் அது முள்ளுப் பற்றைக்குள் பந்து போலச் சுருண்டு கூட்டமாக நித்திரை கொள்ளும். ஆகவே எல்லைமூலையில் ஒரு சூரைப் பற்றையை விட்டுவைத்தால் போதும். விறகுக்குக் காய்ந்த தடி எடுப்பதால் பாதிப்பில்லை, பச்சைப் பற்றையை எரிப்பதுதான் ஆபத்து. மூதூர்க் குழுவில் நான்கு பேர் பக்கத்துப் பக்கத்து வளவுகளில் இப்படிக் கதியால் நட்டிருக்கிறார்கள்.

தமிழ்நாட்டில் 2022 இல் கரூர், திண்டுக்கல் மாவட்டங்களில் 11,806 ஹெக்டயர் காட்டைக் கடவூர்த் தேவாங்குச் சரணாலயம் என்று அறிவித்தார்கள். இந்தியாவில் தேவாங்குக்கென்றே வந்த முதல் சரணாலயம் அது. எங்கள் நாட்டில் 1937 ஆம் ஆண்டின் வனவிலங்கு, தாவரப் பாதுகாப்புக் கட்டளைச் சட்டம் தேவாங்கைப் பாதுகாக்கிறது. பிடிப்பதும், வளர்ப்பதும், விற்பதும், கொல்வதும் குற்றம். பிள்ளைகள் ஆசையில் பிடித்து வந்தால் அடிக்காமல் விளக்கிச் சொல்லி, பிடித்த மரத்திலேயே பொழுதுபட்ட பிறகு விடச் செய்யுங்கள். காயம்பட்டதைக் கண்டால் வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு 1992 என்ற இலக்கத்தில் அறிவிக்கலாம். கையால் தூக்கவேண்டி வந்தால் தடித்த துணி போட்டுத் தூக்குங்கள், பயத்தில் கடிக்கும்.

இரவில் கிளையில் தனியே ஒரு குட்டி தொங்கிக்கொண்டிருக்கக் கண்டால் மட்டும் எடுக்காதீர்கள். நாயைக் கட்டிவிட்டு, வெளிச்சத்தை அணைத்துவிட்டு வீட்டுக்குள் போங்கள். அதன் தாய் இரை தேடப் போயிருக்கிறது, விடியமுன் வரும்.