கொப்பியில் வரியைத் தொலைக்கும் பிள்ளை சோம்பேறியா?

கிளிநொச்சி மாவட்டத்தில் கணிதம் படிப்பித்த காலத்தில் ஒரு மாணவனுக்கு நான் செய்த பிழை இன்னும் மனதை உறுத்துகிறது. அவன் தரம் ஐந்தில் படித்தான். 52இலிருந்து 38ஐக் கழி என்று வாயால் கேட்டால் உடனே 14 என்பான். கொப்பியில் எழுதச் சொன்னால் ஒன்றாம் இடத்து இலக்கம் பத்தாம் இடத்துக்குக் கீழே போய் நிற்கும், விடை பிழைக்கும். கரும்பலகையில் ஐந்து வரி இருந்தால் கொப்பியில் மூன்றுதான் இருக்கும். "கவனமில்லை" என்று சிவப்புப் பேனையால் எழுதினேன். சில நாட்கள் முழங்காலில் நிற்கவும் வைத்தேன்.

தகப்பன் 2009இல் முள்ளிவாய்க்காலில் இறந்தபோது அவன் கைக்குழந்தை. "செல்லடிக்குள்ள கிடந்த பிள்ளை சேர், அதாலதான் இப்பிடி" என்றார் தாய். நான் சோம்பல் என்றேன். அவர் யுத்தம் என்றார். இருவருமே அதற்கு மேல் தேடவில்லை. பின்னர் வைத்தியசாலையில் சிறுவர் உளநல வைத்தியர் பரிசோதித்தபோதுதான் அவனுக்கு ஏ.டி.எச்.டி. எனப்படும் கவனக்குறைவு மிகைச்செயற்பாட்டு நிலை இருப்பது தெரியவந்தது.

அதன்பிறகு நான் தேடிப் படித்து விளங்கிக்கொண்டது இதுதான். கண் பார்த்த ஒன்று எந்த இடத்தில், எதற்குப் பக்கத்தில், எந்த ஒழுங்கில் இருந்தது என்பதை மூளை சில விநாடிகள் பிடித்து வைத்திருக்க வேண்டும். 1974இல் பிரித்தானிய உளவியலாளர்களான அலன் படேலியும் கிரகம் ஹிச்சும் இத்தகைய தற்காலிக நினைவை விளக்கினார்கள். ஒரு சிறிய சிலேட்டுபோல அதை நினைத்துக்கொள்ளலாம். ஏ.டி.எச்.டி. உள்ள பல பிள்ளைகளுக்கு இந்தச் சிலேட் சீக்கிரம் அழிந்துவிடுகிறது. 26 ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்து 2005இல் வெளியான ஆய்வொன்று, இப்பிள்ளைகளுக்குச் சொற்களை நினைவில் வைப்பதைவிட இடங்களை நினைவில் வைப்பதே கூடுதலாகப் பாதிக்கப்படுகிறது எனக் கண்டது.

கரும்பலகையைப் பார்த்து எழுதுவது எங்களுக்குச் சின்ன வேலை. ஆனால் பிள்ளை நிமிர்ந்து பார்த்து, நினைவில் வைத்து, குனிந்து எழுதி, மறுபடி நிமிர்ந்து விட்ட இடத்தைக் கண்டுபிடிக்க வேண்டும். இடையில் கவனம் ஒருமுறை சிதறினாலும் அந்த இடம் தொலைந்துவிடும். அது கண்ணின் குறையுமல்ல, புத்திக் குறைவுமல்ல.

ஏ.டி.எச்.டி. உள்ள எல்லாப் பிள்ளைகளுக்கும் இந்தச் சிரமம் இருப்பதில்லை. இந்தச் சிரமம் உள்ள எல்லோருக்கும் ஏ.டி.எச்.டி. இருக்கும் என்றும் இல்லை. பார்வைக் குறைபாடு, நித்திரைக் குறைவு, கை அசைவுகளை ஒருங்கிணைப்பதில் உள்ள சிரமம் ஆகியவையும் இப்படித் தோன்றலாம். எங்கள் மண்ணில் இன்னொன்றும் உண்டு. பயங்கரக் கனவு காணும், சத்தம் கேட்டால் திடுக்கிடும் பிள்ளைக்கும் பாடத்தில் மனம் நிற்காது. "சம்பவத்துக்கு முன் எப்படி இருந்தான்?" என்ற கேள்வி வைத்தியருக்கு முக்கியமானது. யுத்தத்துக்குள் பிறந்த பிள்ளைக்கு அந்த 'முன்' என்பதே இல்லை. இரண்டும் சேர்ந்தும் இருக்கலாம். ஆகவே ஊகிப்பதை விட்டு வைத்தியரிடம் காட்டுங்கள். அறிகுறிகள் 12 வயதுக்கு முன் தொடங்கினவா, ஆறு மாதமாவது நீடித்தனவா, வீட்டிலும் பாடசாலையிலும் தெரிகின்றனவா என்று அவர் பார்ப்பார். அரச வைத்தியசாலைகளின் உளநலப் பிரிவுகளில் இதற்குப் பணம் தேவையில்லை. 1926 என்ற தேசிய உளநல உதவி இலக்கத்துக்கும் அழைக்கலாம்.

மருந்து தேவையா என்பதை வைத்தியர் தீர்மானிப்பார். வகுப்பறையில் செய்யக்கூடியவை பல. கணக்குக்குச் சதுரக் கோடிட்ட கொப்பி கொடுங்கள். ஒரு கட்டத்துக்கு ஓர் இலக்கம். முன் வாங்கில் இருத்துங்கள். கரும்பலகையில் உள்ளதை ஒரு தாளில் எழுதி அவன் மேசையில் வையுங்கள். வாசிக்கும் வரிக்குக் கீழே அடிமட்டம் வைக்கப் பழக்குங்கள். படிகளை வாயால் சொல்லிக்கொண்டே செய்ய விடுங்கள். எழுத மேலதிக நேரம் கொடுங்கள்.

சதுரக் கொப்பி கொடுத்த முதல் கிழமையே அவன் பத்துக் கழித்தல் கணக்கில் எட்டைச் சரியாகச் செய்தான். கொப்பியை நீட்டி, "சேர், இண்டைக்கு இலக்கம் ஓடேல்ல" என்றான். அதுவரை அவன் கண்ணுக்கு இலக்கங்கள் ஓடிக்கொண்டிருந்தன என்பதை நான் ஒரு நாளும் கேட்டதில்லை.