காவற் கண்

வீட்டைக் காக்க வைத்த கண் வீட்டாரையே ஊருக்குக் காட்டிவிடுமாயின், அதனைக் காவல் என்று கூறலாமா?

இணையத்தோடு இணைந்த கமரா, தான் காணும் காட்சியை வெளியே அனுப்புகின்றது. உரியவர் எங்கிருந்தும் அதனைக் காணலாம். அவர் காணும் வழியே பிறரும் புகக்கூடும் என்பதே இதிலுள்ள இடர்.

2012ஆம் ஆண்டு சனவரியில், ட்ரெண்ட்நெட் என்னும் அமெரிக்க நிறுவனம் விற்ற கமராக்களுள் ஏறக்குறைய 700 கமராக்களின் காட்சிகள் யாவரும் காண இணையத்தில் வெளியாயின. தொட்டிலில் துயின்ற குழந்தைகளும் விளையாடிய சிறுவர்களும் அந்நியர் பார்வைக்கு இலக்காயினர். கடவுச்சொல் என்னும் பூட்டு இருந்தும் பயனில்லை. கருவியின் மென்பொருளிலிருந்த குறை கதவைத் திறந்தே வைத்திருந்தது. 2013இல் அந்நாட்டு மத்திய வர்த்தக ஆணைக்குழு நடவடிக்கை எடுத்தது. அந்நிறுவனம் 20 ஆண்டுகளுக்கு, ஈராண்டுக்கொருமுறை, வெளியாரின் பாதுகாப்புச் சோதனைக்கு உட்பட வேண்டியதாயிற்று.

ஆகவே கடமை இருதிறத்தாருக்கும் உண்டு. குறை கண்டவிடத்துத் திருத்தம் வழங்குதல் செய்வோர் கடமை. அத்திருத்தத்தை உடனே ஏற்றலும், கருவியோடு வந்த கடவுச்சொல்லை மாற்றுதலும் வாங்குவோர் கடமை. படுக்கையறையில் அக்கண்ணுக்கு இடங்கொடாமையோ, யாவற்றினும் சிறந்த காவலாகும்.